எதிர்மனுதாரரோடு புதுக்கடைக்கு

அரசாங்கத்துக்கு எதிராக வழக்குப் போடப்போகிறேன் என்றதும் என் கணவர் குடித்துக்கொண்டிருந்த தேத்தண்ணியை அப்படியே மேசையில் வைத்துவிட்டார். "உமக்கென்ன விசரோ? சண்டை நடக்கிற காலம். கொழும்பில, வெள்ளவத்தையில வாடகைக்கு இருக்கிற யாழ்ப்பாணத்து ஆக்கள் நாங்கள். பொலிசில பதிஞ்சுபோட்டு வாயை மூடிக்கொண்டு இருப்பம்," என்றார். வாயை மூடிக்கொண்டிருப்பது எனக்குப் பிறவியிலேயே வராது. அதைக் கல்யாணம் பேசும்போதே அவர் விசாரித்திருக்க வேண்டும்.

நடந்தது இதுதான். அரசாங்கத் திணைக்களமொன்றில் எழுதுவினைஞராக இருந்த எனக்கு, மேல்வகுப்புக்குப் பதவி உயர ஒரு நேர்முகப் பரீட்சைதான் பாக்கி. வயதெல்லையால் அதுவே கடைசிச் சந்தர்ப்பம். தவறினால் ஓய்வு பெறும்வரை அதே கதிரை. பரீட்சையன்று விடியற்காலை மணிப்புரிச் சேலையை மடிப்புக் குலையாமல் உடுத்துக்கொண்டு நிற்கிறேன், எங்கள் ஒழுங்கையைச் சுற்றிவளைத்து எல்லோரையும் பொலிஸ் நிலையத்துக்கு ஏற்றிப் போனார்கள். அடையாள அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, கேட்டதையே கேட்டு, மத்தியானம் கழிந்துதான் விட்டார்கள். அங்கே நான் சொன்ன பதில்களுக்குப் புள்ளி போட்டிருந்தால் அன்றைக்கே பணிப்பாளர் ஆகியிருப்பேன்.

எங்கள் திணைக்களக் கந்தோருக்கு ஓடினேன். தேர்வுச் சபையார் கதிரையை விட்டு எழும்பிக்கொண்டிருந்தார்கள். வாசலில் நின்ற மேலதிகாரி, "முடிந்துவிட்டது, போங்கள்," என்று கதவைச் சாத்தினார். எனக்குக் கண்ணீரும் வந்தது, கோபமும் வந்தது. எதை முதலில் வெளியே விடுவதென்று தெரியவில்லை.

பதவி உயர்வு பக்கத்து மேசை நங்கிக்குப் போனது. நங்கி என்றால் சிங்களத்தில் தங்கச்சி. நான் அவளை அப்படித்தான் கூப்பிடுவேன். தமிழர் நிறைந்த கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்த சிங்களப் பெண், தமிழ் தண்ணீர்பட்ட பாடு. சேவையில் எனக்குப் பின்னால் வந்தவள். என் சட்டத்தரணியோ, பதவி கிடைத்தவரையும் எதிர்மனுதாரராகப் போடாவிட்டால் மனு நிற்காது என்று சொல்லிவிட்டார். இதை அவளிடம் எப்படிச் சொல்வது? கந்தோருக்குப் போகும் பஸ்ஸில் வழி நெடுக வாய்க்குள் ஒத்திகை பார்த்துக்கொண்டு போனேன்.

"நங்கி, வழக்குப் போடப்போறன். உன்ர பேரையும் போடவேணுமாம். கோவிக்காத."

"கோர்ட்டா! நான் உள்ள போய்ப் பார்த்ததே இல்லக்கா," என்றாள் அவள், ஏதோ கண்காட்சிக்குக் கூப்பிட்டதுபோல. "என்னைக்கின்னு சொல்லுங்க, நானும் லீவு போடுறேன்."

சில மாதங்களில் திணைக்களத்தின் பதில் வந்தது. நேர்முகப் பரீட்சை நாளன்று மனுதாரர் கந்தோர்ப் பக்கமே வரவில்லையாம். அண்டப் புளுகு! நான் துள்ளிக் குதித்தேன். சட்டத்தரணி அமைதியாக, "வந்ததைக் கண்டவர் யாரும் இருக்கினமோ?" என்று கேட்டார். ஒருத்தி இருந்தாள். கதவு சாத்தப்பட்டபோது நடையில் நின்று என் தோளைப் பிடித்தவள். ஆனால் அவளிடம் போய், உன் பதவிக்கு நீயே உலை வை என்று எந்த முகத்தோடு கேட்பது? நான் கேட்கவில்லை.

கேட்காமலே அவள் செய்துவிட்டாள். சமாதான நீதவானிடம் போய், நான் அன்று வந்ததைக் கண்டதாகச் சத்தியக் கடதாசி முடித்துக்கொண்டு வந்து, மேலதிகாரி தன்னைக் கூப்பிட்டு வெருட்டியதையும் சிரித்துக்கொண்டே சொன்னாள். அவருக்கு அவள் சொன்ன பதில், "கண்ணால பார்த்ததை இல்லேன்னு சொல்ல ஏலாது சேர்."

"விசரி! உனக்கேனடி இந்த வேலை?" என்று ஏசினேன். ஏசிவிட்டுக் கட்டிப்பிடித்துக்கொண்டேன்.

தவணை நாளன்று இருவரும் ஒரே த்ரீவீலரில், நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைக்குப் போய் இறங்கினோம். என் சட்டத்தரணி தலையில் கை வைத்தார். எதிர்மனுதாரரோடு சோடியாக வந்த மனுதாரரை அவர் தன் தொழிலில் கண்டதில்லையாம். உயர் நீதிமன்றத்தில் நீதியரசர் அவளுடைய சத்தியக் கடதாசியை வாசித்துவிட்டுக் கண்ணாடிக்கு மேலால் எங்கள் இருவரையும் பார்த்தார். பிறகு அரசாங்கச் சட்டத்தரணியிடம், "இந்தப் பெண்மணிக்குத் தனியாக ஒரு நேர்முகப் பரீட்சை வைத்தால் திணைக்களம் இடிந்து விழுந்துவிடுமா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். விழாதாம். நான் சித்தியடைந்தால் நங்கிக்குக் கிடைத்த அதே திகதியிலிருந்து பதவி, நங்கியின் பதவியிலும் கை வைப்பதில்லை என்று ஒப்புக்கொண்டார்கள்.

சித்தியடைந்தேன்! நியமனக் கடிதம் வந்த அன்று நங்கி கந்தோர் முழுக்கக் கேட்கக் கத்தினாள். என் கணவர், வழக்குப் போடும் யோசனையே தன்னுடையதுதான் என்று ஒழுங்கை முழுக்கச் சொல்லித் திரிந்தார். சந்தோஷத்தில் எனக்குக் காலே நிலத்தில் பாவவில்லை.

அன்று பின்னேரம் வேலை முடிந்து படியிறங்கும்போது, மனதுக்குள் இவ்வளவு நாளும் குடைந்துகொண்டிருந்ததை அவளிடம் கேட்டேன். "உன்ர பதவியைப் பறிச்சு எனக்குத் தந்திருந்தா என்னடி செய்திருப்பாய்?"

"வேற என்ன, உங்களுக்கு எதிரா நான் கேஸ் போட்டிருப்பேன்," என்றாள், யோசிக்காமலே. "நீங்க எனக்காகச் சத்தியக் கடதாசி குடுத்திருக்க மாட்டீங்களா, அக்கா?"

"குடுத்திருப்பன்," என்றேன். "உன்னை வாய்க்கு வந்தபடி ஏசிப்போட்டு."

"அது தெரியும்," என்றாள் நங்கி.