ஊர்வலத்தில் எத்தனை பேர்

தோழரின் இறுதி ஊர்வலத்துக்கு ஆயிரம் பேர் வந்ததாக அச்சகக்காரர் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தார். தோழரின் மகள் எண்ணியிருந்தாள்: இருநூற்று அறுபத்து மூன்று. அவள் பாலம் கட்டும் பொறியாளர். எண்ணுவதைத் தவிர அன்றைக்கு அவளுக்கு வேறெதுவும் ஓடவில்லை. அச்சகக்காரரை யாரும் திருத்தவில்லை. ஆள் கணக்கில் அவருக்கும் தோழருக்கும் இருந்த வழக்கு முப்பது வருடப் பழசு.

பேராசிரியர் ஆன பிறகும் தெருவில் அவருக்குத் தோழர் என்றே பெயர். பதினெட்டு வயதில் ஆலை வாசலில் நோட்டீஸ் கொடுக்கத் தொடங்கியவர். இரண்டு முறை சிறை. முப்பத்தைந்தில் மாலைக் கல்லூரியில் சேர்ந்தார். நாற்பத்தைந்தில் முனைவர் பட்ட ஆய்வேட்டை எழுதிக்கொண்டிருந்தார். பல்கலைக்கழகத்தில் தற்காலிக வேலை. பட்டம் வந்தால் நிரந்தரம், வராவிட்டால் மூட்டை கட்ட வேண்டியதுதான். ஆய்வுத் தலைப்பு, அவரே முன்னின்று நடத்திய ஆலை வேலைநிறுத்தம்.

வேலைநிறுத்தத்தின் கடைசி ஊர்வலத்தில் பத்தாயிரம் பேர் நடந்ததாக எல்லாப் புத்தகங்களும் சொல்லின. எல்லாவற்றுக்கும் ஆதாரம் ஒரே ஒரு நோட்டீஸ். எழுதியவர் தோழர். ஊர்வலம் கலையும்போது கையில் கொடுக்க வேண்டுமே என்று, முந்தின நாளே எழுதிவிட்டார்.

மனைவியிடம் கேட்டார். அவர் தையல்காரர். அந்த ஊர்வலத்தில் ஆளுக்கொன்றாகக் கட்டச் சிவப்புக் கைப்பட்டை தைத்துக் கொடுத்தவர்.

"எத்தனை தைச்சேன்னு ஞாபகம் இருக்கா?"

"நானூத்தம்பது. முப்பத்தெட்டு மிச்சம். ஒரு வருஷம் அடுப்பு துடைச்சது அதுலதான்."

"அப்ப நானூத்திப் பன்னெண்டு பேர்."

"இப்ப எதுக்கு அது?"

"பத்தாயிரம்னு நான் எழுதினது பொய்னு ஆய்வேட்டுல போடப்போறேன்."

மனைவி ஊசியில் நூலைக் கோத்து முடித்தார். "வேலை நிரந்தரம் ஆனப்புறம் உண்மை பேசினா ஆகாதா?"

தோழர் போட்டுவிட்டார். வாய்மொழித் தேர்வுக்கு வெளியூரிலிருந்து தேர்வாளராக வந்த அம்மையாரோ, அந்தப் பத்தாயிரத்தை நம்பி ஒரு முழு அத்தியாயம் எழுதியவர். கடைசி வரிசையில் அச்சகக்காரர் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நோட்டீஸை அச்சுக் கோத்தவர். கட்சி மானத்தைக் கப்பலேற்றிவிட்டான் என்று மூன்று வாரமாகத் தோழரிடம் பேசுவதில்லை.

"பத்தாயிரம் பொய்ங்கறதுக்கு என்ன ஆதாரம்?" என்றார் அம்மையார்.

"அதை எழுதினதே நான்தாங்க."

"அன்னைக்குப் பொய் சொன்னவர் இன்னைக்கு உண்மை சொல்றார்னு எப்படி நம்பறது?"

அறை சிரித்தது. ஒரு காலத்தில் போலீஸ் வேன் மேல் ஏறி நின்று பேசிய மனிதர், தண்ணீர் டம்ளரைத் தேடினார்.

"கைப்பட்டை தைச்ச கணக்கு இருக்கு."

"யாருகிட்ட?"

"என் மனைவிகிட்ட."

அறை மறுபடியும் சிரித்தது. பட்டம் கைநழுவுவது தோழருக்குத் தெரிந்தது. அப்போது அச்சகக்காரர் எழுந்தார்.

"அம்மா, நான் ஒண்ணு சொல்லலாமா?"

"நீங்க யாரு?"

"இந்த ஆளோட மூணு வாரமாப் பேச்சுவார்த்தை இல்லாதவன்."

"சொல்லுங்க."

"அந்த நோட்டீஸ் ஊர்வலத்துக்கு முந்தின நாள் மத்தியானம் அடிச்சது. அச்சகத்துப் பிரதி என்கிட்ட இருக்கு, தேதி போட்டுத்தான் வெப்பேன். நடக்காத ஊர்வலத்துல எத்தனை பேர்னு யாருக்கும்மா தெரியும்? இருபதாயிரம்னு போடுடான்னேன். இவன்தான் கூச்சப்பட்டுப் பாதியாக் குறைச்சான்."

அம்மையார் பேனாவை மூடி வைத்தார். "அப்ப என்னோட ஆறாவது அத்தியாயம்?"

"ரொம்ப நல்லா இருந்ததுங்க," என்று தோழர் ஆறுதல் சொன்னார். "ரெண்டு தடவை படிச்சேன்."

"ஒரு கடுதாசி போட்டிருக்கலாமே?"

"வெக்கமா இருந்தது."

இந்த முறை முதலில் சிரித்தது அம்மையார்தான். பட்டம் உண்டு என்றார். ஒரே நிபந்தனை: சாட்சியின் வாக்குமூலத்தை அடிக்குறிப்பில் சேர்க்க வேண்டும். சாட்சியும் ஒரு நிபந்தனை வைத்தார். அதைப் பற்றித் தோழரும் அவரும் படிக்கட்டில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் சண்டை போட்டார்கள்.

ஆய்வேட்டின் இருநூற்றுப் பதினான்காம் பக்கத்தின் அடியில் இப்படி இருக்கிறது: "நடந்தவர்கள் 412 பேர். எழுப்பிய சத்தம், அச்சகத் தோழரின் கூற்றுப்படி, பத்தாயிரம் பேருடையது."