ஒரு பென்னி குறைவாக

ஹாவிஸ் ரை தானியத்தில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். எங்கள் சந்தில் நாலு வீட்டுக்கும் சேர்த்துத் தானியம் வாங்கிப் பங்கு பிரிப்பவள் அவள்தான். என் பங்குக்காக நான் கூடையோடு உட்கார்ந்திருந்தேன்.

பேரம் பேசுவதில் லின் துறைமுகத்தில் அவளை மிஞ்ச ஆளில்லை. அவளைக் கண்டாலே உழவர்கள் விலையில் ஒரு பென்னி கூட்டிச் சொல்வார்கள். அதைக் குறைத்துவிட்டுத்தான் வருவாள். இருபது வருஷப் பழக்கம்.

அவள் கணவன் தர்ஸ்டன் கப்பல்களில் மூட்டை இறக்குபவன். புதுச் சட்டம் வந்ததிலிருந்து வேலை இல்லை. எங்கள் சந்தையில் எட்டு மரக்கால் ரை நாலு ஷில்லிங்கைத் தாண்டினால்தான் வெளிநாட்டுத் தானியம் கரையேறலாம். உள்ளூர் உழவர்கள் பிழைக்க வேண்டுமாம். கடலுக்கு அப்பால் டான்சிக்கிலிருந்து ரை ஏற்றி வந்த கப்பல் ஒன்று மூன்று வாரமாக ஆற்றில் நின்றது. இறக்கினால் அவனுக்கு ஒரு மாத வேலை. விலையும் ஏறிக்கொண்டுதான் இருந்தது. தானியம் உள்ளேயே சூடேறிக் கெடுகிறது, இந்தச் சனிக்கிழமையோடு கிளம்பிவிடுவேன் என்று கப்பல்காரர் சொல்லியிருந்தார்.

சந்தை மூடும் மணி அடிப்பதற்கு முன் நடக்கும் கடைசி வியாபாரம்தான் சந்தையின் அன்றைய விலை. இந்தச் சனிக்கிழமை கடைசியாக நின்றவள் ஹாவிஸ்.

"நாலு ஷில்லிங் ஒரு பென்னி," என்றார் உழவர் வைமண்ட்.

"பாதி கல்லா இருக்கு. கல்லுக்கும் காசு குடுக்கணுமா? நாலு."

"உன் வாய்க்குத் தனியா வரி போடணும்மா. எடுத்துட்டுப் போ."

மணி அடித்தது. சந்தை எழுத்தர் அன்றைய விலை நாலு என்று எழுதிக்கொண்டார். இதையெல்லாம் அவளே கல் பொறுக்கியபடி, யாருக்கோ நடந்ததுபோல என்னிடம் சொன்னாள்.

தர்ஸ்டன் வந்தான். சுமை தாங்கும் தோள்துணி மடிப்புக் கலையாமல் கையில் இருந்தது.

"கப்பல் போயிடுச்சு," என்றான். "விலை ஒரு பென்னி குறைவா நின்னு போச்சாம்."

அவள் நிமிரவில்லை. அவன் மேசையில் குவிந்திருந்த ரையைப் பார்த்தான்.

"எவ்வளவுக்கு வாங்கின?"

"நாலு."

"அவரு எவ்வளவு சொன்னாரு?"

"எப்பவும் போலதான். ஒரு பென்னி கூட்டி."

அவன் தோள்துணியை ஆணியில் மாட்டினான். அவள் பொறுக்கிய கற்களை உள்ளங்கையில் சேர்த்துக்கொண்டாள்.

"கஞ்சி ஊத்தட்டுமாங்க?"

அவன் குனிந்து வாசலைத் தாண்டிப் போனான்.