மயிலம்மாளை யாரும் விசாரிக்கவில்லை

மயிலம்மாளின் மருத்துவச்சி லைசென்ஸ் 1943 ஆகஸ்டு 9, திங்கட்கிழமை ரத்தானது. அப்போது மலாயாவை ஆண்ட ஜப்பான்காரர்களின் கணக்கில் அது 2603ஆம் ஆண்டு. கடிதம் புதன்கிழமை கைக்கு வந்தது. பிறப்புப் பதிவேட்டில் பொய்யான தேதிகள் எழுதியதாகக் காரணம் சொல்லியிருந்தார்கள். எந்தப் பிள்ளை, எந்தத் தேதி என்று சொல்லவில்லை.

மந்தின் ஊருக்குப் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பதினெட்டு வருடத்தில் 612 பிள்ளைகளை அவர் எடுத்திருந்தார். ஒவ்வொன்றையும் தன் கையாலேயே பதிந்திருந்தார். இனி லைசென்ஸ் இல்லாமல் பிரசவம் பார்த்தால் சிறை. தொழிலாளர் குடியிருந்த லயத்தில் ஆறுமுகத்தின் மனைவி பஞ்சாலைக்கு எட்டாம் மாதம். முதல் இரண்டும் தங்கவில்லை. மயிலம்மாள் வருவார் என்ற தைரியத்தில்தான் அவள் நடமாடிக்கொண்டிருந்தாள்.

"பொய்ன்னு எழுதியிருக்கான். எதுன்னு எழுதல பாரு," என்று ஆறுமுகத்திடம் கடிதத்தைக் காட்டினார்.

"ஜப்பான்காரன்கிட்டப் போய்க் கேப்பீங்களா அக்கா? அறைவான் லா."

"அறையட்டும். எதுக்குன்னு கேட்டுட்டு வரேன்."

சிரம்பானுக்குப் பத்து மைல் நடை. லைசென்ஸ் அலுவலகத்தில் எழுத்து வேலை பார்த்த கிராணி இராஜமாணிக்கம் தலை நிமிராமல் பதில் சொன்னார்.

"உத்தரவு போட்டாச்சும்மா. அதுக்கப்புறம் விசாரணை கிடையாது."

"போடுறதுக்கு முந்தி?"

"முந்தியும் கிடையாது."

மயிலம்மாள் மாலைவரை பெஞ்சில் உட்கார்ந்திருந்துவிட்டுத் திரும்பினார். மறுவாரமும் வந்து உட்கார்ந்தார். ஆகஸ்டு 24, செவ்வாய்க்கிழமை, மூன்றாம் முறையாக வந்தபோது கடிதத்தை மேசையில் விரித்து, தேதியின் மேல் விரலை வைத்தார்.

"இது நீங்க டைப் அடிச்சதா, கிராணி ஐயா?"

"ஆமா."

"1943ன்னு இருக்கு. 2603ன்னுதானே போடச் சொல்லியிருக்காங்க?"

இராஜமாணிக்கம் கடிதத்தைப் பார்த்தார். பிறகு ஜப்பானிய அதிகாரியின் அறைக் கதவைப் பார்த்தார். அதிகாரி படிக்காமல் முத்திரை குத்தியிருந்தார்.

"கைப் பழக்கம்மா," என்றார் மெதுவாக.

"தெரியுது. யார்கிட்டயும் சொல்ல வரல. பழக்கத்துல எழுதுறது வேற, பொய் எழுதுறது வேற. அதை உள்ள சொல்லணும். கூட்டிட்டுப் போங்க."

இராஜமாணிக்கம் இதை மிரட்டல் என்று எடுத்துக்கொண்டாரா என்று தெரியவில்லை. பத்து நிமிடத்தில் அழைப்பு வந்தது.

அதிகாரி கோப்பைத் திறந்தார். நான்கு பிள்ளைகள். தகப்பன்மார் காவல் நிலையத்தில் சொன்ன தேதிக்கும் மயிலம்மாள் எழுதிய தேதிக்கும் நாலிலும் ஒருநாள் வித்தியாசம். மயிலம்மாள் மடியிலிருந்து கடிகாரத்தை எடுத்து மேசையில் வைத்தார். சுவர்க் கடிகாரத்தில் மணி பதினொன்று. அவருடையதில் ஒன்பதரை.

ஜப்பான்காரர்கள் வந்ததும் ஊர்க் கடிகாரங்களையெல்லாம் ஒன்றரை மணி நேரம் முன்னே தள்ளி, தோக்கியோ நேரத்துக்கு வைத்துவிட்டார்கள். மயிலம்மாள் தன்னுடையதைத் தள்ளவில்லை. அவருக்கு இரவு பத்தரை மணி அடித்தாலே அரசாங்கத்துக்கு மறுநாள் பிறந்துவிடும்.

"ஏன் திருப்பவில்லை?" அதிகாரி மலாயில் கேட்டார்.

"ஜாதகம் எழுதக் கோயில் பூசாரி என்னைத்தான் நேரம் கேப்பாரு. நேரத்தைத் தள்ளிச் சொன்னா லக்கினம் மாறிடும். பிள்ளைக்கு வேற ஜாதகம் ஆயிடும்."

இதை மலாயில் சொல்ல இராஜமாணிக்கத்துக்கு வழக்கத்தைவிட நேரமானது.

அதிகாரி தாளை எடுத்து நான்கு பிள்ளைகளின் நேரத்தோடும் ஒன்றரை மணியைக் கூட்டிப் பார்த்தார். நான்கும் சரியாக வந்தன. எழுந்து வந்து, கடிகாரத்தைத் திருப்பாத குற்றத்துக்கு என்று சொல்லி மயிலம்மாளை ஒரு அறை அறைந்தார். பிறகு உட்கார்ந்து, ரத்து உத்தரவை ரத்து செய்து முத்திரை குத்தினார். இந்த முறை படித்துவிட்டுக் குத்தினார். இராஜமாணிக்கம் அதில் 2603 என்று போட்டிருந்தார். பழைய கடிதத்தைக் கோப்பில் சேர்க்க அவரே கேட்டு வாங்கிக்கொண்டார். கோப்பில் அது இல்லை.

"அறைஞ்சானா அக்கா?" லயத்து வாசலில் ஆறுமுகம் கேட்டான்.

"அறைஞ்சான். எதுக்குன்னு சொல்லிட்டு அறைஞ்சான்."

செப்டம்பர் 17, வெள்ளிக்கிழமை இரவு 11.05க்கு பஞ்சாலைக்குப் பெண் பிறந்தது. ஆறே கால் பவுண்டு, உடனே அழுதது. பதிவேட்டில் மயிலம்மாள் சனிக்கிழமை 12.35 என்று எழுதினார். பூசாரிக்குக் கொடுத்த சீட்டில் வெள்ளிக்கிழமை 11.05. கடிகாரத்தைத் திருப்பவில்லை; கூட்டி எழுதக் கற்றுக்கொண்டார்.