ஒரு காதோடு முடித்த எபிசோடு

தொலைக்காட்சித் தொடர்களுக்குப் பின்னணி இசை அமைப்பது என் வேலை. ஸ்ரீரங்கத்தில் எங்கள் வீட்டு மாடியறையில் ஒரு கம்ப்யூட்டர், ஒரு கீபோர்டு, இரண்டு ஸ்பீக்கர். அங்கிருந்தே இசையைச் சென்னைக்கு அனுப்பிவிடுவேன். ஒரே தொடருக்கு ஆறு வருடமாக இசையமைத்து வந்த சமயம், ஒருநாள் காலையில் எழுந்ததும் இடது காது கேட்கவில்லை. தண்ணீர் போயிருக்கும் என்று தலையைச் சாய்த்துத் தட்டிப் பார்த்தேன். உள்ளே ஓர் இரைச்சல் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

புத்தூரில் காது டாக்டர் பரிசோதித்துவிட்டு மருந்து எழுதினார். "நரம்புல பாதிப்பு. திரும்ப வரலாம், வராமலும் போகலாம். நீங்க என்ன வேலை பாக்குறீங்க?" என்றார். சொன்னேன். பேனாவை மூடி வைத்தார்.

திரும்பும் பஸ்ஸில், காவிரிப் பாலத்தின் மேல், அழுதேன். பக்கத்து சீட்டிலிருந்த யாரோ ஓர் அம்மா தண்ணீர் பாட்டிலை நீட்டினார். இறங்கியதும் தொடரின் டைரக்டருக்கு போன் செய்தேன். மறைக்கத் தோன்றவில்லை.

"ஒரு மாசம் ரெஸ்ட் எடுங்க. அதுவரைக்கும் வேற யாரையாவது பாத்துக்கறேன்," என்றார். நல்ல மனதோடுதான் சொன்னார். ஆனால் ஒரு மாதம் கழித்து அந்த வேலை எனக்குத் திரும்பாது என்பது இருவருக்கும் தெரியும்.

"வெள்ளிக்கிழமை எபிசோடு நானே பண்றேங்க. கேட்டுப் பாருங்க. சரியில்லேன்னா ஒதுங்கிக்கறேன்."

பொன்மலை ரயில்வே பணிமனையில் வேலை பார்க்கும் என் கணவர் அந்த வாரம் லீவு போட்டார். இரண்டு ஸ்பீக்கருக்கும் நடுவில் அவரை உட்காரவைத்தேன்.

"வயலின் எந்தப் பக்கம் கேக்குது?"

"இடது பக்கம். கொஞ்சம் ஜாஸ்தியா இருக்கு."

அவருக்கு ராகம் எதுவும் தெரியாது. அதுவே உதவியாகப் போயிற்று. காதில் விழுந்ததை மட்டும் சொன்னார். அதன் பிறகும் ஹெட்ஃபோனைத் திருப்பி மாட்டி, இடது பக்க ஒலியை வலது காதால் சரிபார்த்தேன். ஒரு நிமிட இசைக்கு அரை நாள் ஆனது.

அனுப்பினேன். "புல்லாங்குழல் வசனத்த அமுக்குது," என்று திரும்பி வந்தது. திருத்தினேன். மறுபடியும் வந்தது. மூன்றாம் முறை அனுப்பியபோது, "இது போதும். அடுத்த வாரத்துக் காட்சிகள அனுப்பறேன்," என்றார் டைரக்டர்.

இடது காது அதன் பிறகும் கேட்கவில்லை. தொடர் முடியும்வரை நான்தான் இசையமைத்தேன். போன வருடம் என் முதல் சினிமாவும் வெளியானது. இப்போது புதிதாக வரும் டைரக்டர்களிடம், "எனக்கு ஒரு காதுதான் கேக்கும். இந்தப் பக்கம் உக்காருங்க," என்று சொல்லிவிட்டுத்தான் கதை கேட்கிறேன். ஒருவர் காபி குடித்துவிட்டுக் கிளம்பிப் போனார், பிறகு போன் செய்யவேயில்லை. மற்றவர்கள் இடம் மாறி உட்கார்ந்து கதையைச் சொன்னார்கள்.