பெட்டியை பிரிட்ஜ் மோடுக்கு மாற்றிய நாள்

நெம்மேலியில் மாடி வீட்டுக்குக் குடிவந்த மூன்றாவது மாதம் அதைக் கவனித்தேன். நாவலூர் அலுவலகத்துக்கு வாரத்தில் இரண்டு நாள்தான் போவேன். மற்ற நாட்களில் வீட்டிலிருந்தே வேலை. நெட் மெதுவாக வருகிறதே என்று ஃபைபர் பெட்டியின் அமைப்புப் பக்கத்தை லேப்டாப்பில் திறந்து, அதில் என்னென்ன இணைந்திருக்கின்றன என்று பார்த்தேன். என் போன், என் லேப்டாப், அதற்குக் கீழே எனக்குத் தெரியாத ஒன்று. நான் தனியாக இருக்கும் பெண். உடனே வைஃபை பாஸ்வேர்டை மாற்றினேன். மறுநாள் காலையிலும் அது அங்கேயே இருந்தது.

பெட்டியைப் பொருத்திய கேபிள்காரருக்குப் போன் செய்தேன்.

“டிவியா இருக்கும் மேடம்.”

“என்கிட்ட டிவியே இல்லையே.”

“அப்ப ஒண்ணியும் இல்ல மேடம், வுடுங்க.”

அந்த ‘வுடுங்க’தான் என்னை உறுத்தியது. பெட்டியின் எல்லா அமைப்புகளையும் திறக்கும் பாஸ்வேர்டு அவரிடம் மட்டுமே இருந்தது. கீழ் வீட்டில் இருக்கும் வீட்டு ஓனரோ, நான் எப்போது வருகிறேன், போகிறேன் என்று அடிக்கடி விசாரிப்பவர். இரண்டையும் சேர்த்து யோசித்ததிலிருந்து, குளிக்கப் போனால்கூட அறையின் மூலைகளை அண்ணாந்து பார்க்க ஆரம்பித்தேன்.

அலுவலகத் தோழிதான் வழி சொன்னாள். சொந்தமாக ரூட்டர் வாங்கி, பெட்டியை பிரிட்ஜ் மோடில் போட்டுவிட்டால், பெட்டி ஒரு பாலம் மாதிரி லைனை மட்டும் கடத்தும். வைஃபை முழுக்க நம் ரூட்டரின் பொறுப்பு.

நான்கு முறை கூப்பிட்ட பிறகு கேபிள்காரர் வந்தார்.

“பிரிட்ஜ்லாம் எதுக்கு மேடம்? நெட்டு நின்னுச்சுனா நான் பொறுப்பு இல்ல.”

“நின்னா நான் பாத்துக்கறேன். போடுங்க.”

திரை என் கண்ணில் படாதபடி தன் லேப்டாப்பைத் திருப்பிக்கொண்டு தட்டினார். இணைப்புக்கான பெயரையும் பாஸ்வேர்டையும் ஒரு துண்டுத் தாளில் எழுதித் தந்தார். அதை என் ரூட்டரில் போட்டதும் நெட் வந்தது. படியிறங்கியவர் கீழ் வீட்டுக் கதவை ஒருமுறை பார்த்துவிட்டுப் போனார்.

அரை மணி நேரம்கூட ஆகவில்லை, ஓனரிடமிருந்து போன். ஏலத்தில் மீன் எடுக்கக் கடப்பாக்கம் போயிருந்தார்.

“இன்னாம்மா, நெட்டு கட்டாயிடுச்சா?”

“அது உங்களுக்கு எப்படித் தெரியும்?”

பின்னால் ஏலம் விடும் சத்தம் கேட்டது. பிறகு மெதுவாக, “கேமரா தெரியல” என்றார்.

“எந்த கேமரா?”

“எங்க வூட்டு கேமராம்மா. என் சம்சாரத்துக்கு வலிப்பு வரும். தனியா கீறா. கொஞ்சம் கீழ போய்ப் பாரேன்.”

ஓடினேன். அவர் மனைவி வெங்காயம் நறுக்கிய கத்தியோடு வந்து கதவைத் திறந்தார். ஃபிரிட்ஜ் மேலிருந்த கேமரா கட்டிலையும் அடுப்பையும் பார்த்தபடி இருந்தது. மற்ற சுவர்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தேன்.

“இன்னா தேடுற?” என்று கேட்டார்.

சாயங்காலம் ஓனர் மாடிக்கு வந்தார். கேபிள்காரரிடம் சொல்லி, என் பெட்டியிலேயே கண்ணுக்குத் தெரியாத இன்னொரு வைஃபை போட்டுக்கொண்டதை ஒப்புக்கொண்டார்.

“என்கிட்டயே கேட்டிருக்கலாமே?”

“தனியா கீற பொண்ணாண்ட போய், கேமராவுக்கு நெட்டு குடுனு எப்புடிம்மா கேக்கறது? நீ இன்னா நெனப்ப?”

நான் என்ன நினைத்திருப்பேன் என்று எனக்குத் தெரியும். கோபம் மட்டும் முழுதாகப் போகவில்லை.

ரூட்டரில் தனியாக ஒரு வைஃபை உருவாக்கி, கேமராவை அதில் சேர்த்தேன். அவர் வீட்டுச் சாவி ஒன்றை என்னிடம் கொடுத்தார். இரண்டு வாரம் கழித்து, மதியம் மீட்டிங்கில் இருந்தபோது ஓனரிடமிருந்து போன் வந்தது. “ஓடும்மா, வுழுந்துட்டா!” கதவைத் திறந்து, முதலில் அடுப்பை அணைத்தேன். கீழே கிடந்த அவர் மனைவியை ஒருக்களித்துப் படுக்க வைத்து, தலைக்குக் கீழே என் துப்பட்டாவை மடித்து வைத்தேன். நினைவு திரும்பியதும் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார்; வெகுநேரம் விடவில்லை.

போன வாரம் கேபிள்காரர் கூப்பிட்டார். “உங்க ரூட்டர ஒருதபா செக் பண்ணட்டா மேடம்?”

“வேணாம்” என்று வைத்துவிட்டேன்.