தாமோதரன் அடித்த கோல்கள்

யூசுப் அண்ணன் இறந்துவிட்டார். இன்று விடியற்காலையில்... கரையான்சாவடியில், அவர் வீட்டிலேயே.

காயத்தில் விஷம் ஏறி வரும் ரணஜன்னி. போன வாரம் ஆவடியில் வெள்ளைக்காரச் சிப்பாய்களோடு நடந்த மாட்சில், ஒருவனுடைய பூட்ஸ் ஆணி கணுக்காலைக் கிழித்துவிட்டது. இவர் எப்போதும்போல வெறுங்கால்.

தாடை இறுகிப்போய், கடைசி மூன்று நாள் ஒரு வாய்த் தண்ணீர்கூட உள்ளே இறங்கவில்லையாம். வயது இருபத்தொன்று.

இந்த நோட்டை முறை வைத்து வாங்கிப் படித்து எழுதும் உங்கள் நாலு பேருக்கும் யூசுப் யாரென்று தெரியாது. ஆனால் ஆவடிப் பட்டறை டீமில் ஆடும் தாமோதரனைத் தெரியும்.

போன மாதம் கமலா இதிலேயே எழுதியிருந்தாள், "நம் பங்கஜத்தின் அண்ணன் பேப்பரில் வந்துவிட்டார்" என்று. கீழே ஒரு பூவும் வரைந்திருந்தாள்.

அந்தக் கோல்களை அடித்தது என் அண்ணன் இல்லை. யூசுப் அண்ணன்.

எழுதிவிட்டேன். அம்மா விழித்துக்கொள்வதற்குள் மீதியையும் எழுதிவிட வேண்டும்.

யூசுப் அண்ணனின் அப்பா மெயின் ரோட்டில் ஜட்கா குதிரைகளுக்கு லாடம் அடிப்பவர். குதிரையின் காலைப் பிடித்துக்கொண்டே வளர்ந்தவர் இவர். பள்ளிக்கூடம் இரண்டாம் வகுப்போடு சரி.

சிப்பாய்கள் தூக்கி எறிந்த தோல் பந்தில் தேங்காய் நாரை அடைத்து, தானே தைத்து எடுத்துக்கொண்டு வருவார். எங்கள் வீட்டுக்குப் பின்னால்தான் ஆட்டம். என் அண்ணன் தாமு கோல் காப்பான். பந்து வந்தால் கண்ணை மூடிக்கொள்வான்.

சண்டைக்காலம் என்று ஆவடியில் லாரிப் பட்டறை திறந்தார்கள். அங்கிருக்கும் துரைக்குப் பந்தாட்டப் பைத்தியம், நன்றாக ஆடுகிறவனுக்கு உடனே வேலை. ஆனால் எட்டாம் வகுப்பு சர்டிபிகேட் வேண்டும்.

அது அண்ணனிடம் இருந்தது. ஆட்டம் இவரிடம் இருந்தது.

"நீ போய் ஆடு மாமே. என் பேரைச் சொல்லிடு" என்றான் அண்ணன்.

"தொரை கண்டுபுடிச்சிட்டா இன்னா பண்ணுவே?"

"அந்தாளுக்கு நம்ம மூஞ்சி எல்லாம் ஒண்ணுதான். காலைத்தான் பார்ப்பாரு."

அப்படியே நடந்தது. வாரம் முழுவதும் அண்ணன் பட்டறையில் லாரிக்கு நட்டு முடுக்குவான். மாட்ச் நாளில் மாங்காட்டுக் கோயிலில் போய் உட்கார்ந்துகொள்வான். அவன் பெயரில் யூசுப் அண்ணன் இறங்குவார்.

மைதானம் பட்டாள முகாமுக்குள் இருந்ததால் ஊர்க்காரர் யாரும் பார்க்க முடியாது. டீம்காரர்களுக்குத் தெரியும்... ஜெயித்துக்கொண்டிருந்ததால் வாய் திறக்கவில்லை.

மாட்ச் முடிந்த மறுநாள் எங்கள் வீட்டு வாசலில் வந்து நிற்பார். "இன்னா பாப்பா, பேப்பர்ல போட்டுகீறானா?"

"தாமோதரன் ரெண்டு கோல்" என்று படிப்பேன். அவர் என் அண்ணனைத் திரும்பிப் பார்ப்பார். "ஷோக்கா ஆடிகீறே தாமு. கால் வலிக்குதா, புடிச்சி வுடட்டா?"

ஒருநாள் அவர் பெயரை எழுதிக் காட்டச் சொன்னார். பேப்பர் ஓரத்தில் எழுதினேன். ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, "இத்தினியூண்டா கீது" என்றார். அந்த ஓரத்தை மட்டும் கிழித்து எடுத்துக்கொண்டு போனார்.

இனி எழுதப்போவது அண்ணனுக்கும் எனக்கும் மட்டுமே தெரிந்தது.

தை மாதம் கல்கத்தாவிலிருந்து ஒரு கடிதம் வந்தது. பட்டறை விலாசத்துக்கு, தாமோதரன் பெயருக்கு. இங்கிலீஷ் என்பதால் அண்ணன் என்னிடம் கொண்டுவந்தான்.

அங்கே ஒரு பெரிய கிளப். தங்க இடம், சாப்பாடு, மாதச் சம்பளம். வேறு வேலை கிடையாது, ஆட்டம் மட்டும்தான். பங்குனி முடிவதற்குள் வந்து சேரச் சொல்லியிருந்தார்கள்.

அண்ணன் சுவரைப் பார்த்துக்கொண்டே கேட்டான். "அவன் பூட்டா அடுத்த மாட்சுக்கு யாரு எறங்குறது, நானா? வேல பூட்டா அம்மாவ யாரு பாக்கறது? வாயத் தொறக்காத பங்கஜம்."

நான் திறக்கவில்லை. அன்று சாயங்காலம் யூசுப் அண்ணன் வந்து வேர்க்கடலை கொடுத்தார். வாங்கிச் சாப்பிட்டேன்.

போன வார மாட்சில் அடிபட்டதைத் துரையே பார்த்துவிட்டார். அதனால் மறுநாளிலிருந்து என் அண்ணன் நல்ல காலில் கட்டுப் போட்டுக்கொண்டு, நொண்டி நொண்டி வேலைக்குப் போகிறான். ஊருக்கு, யூசுப்பைக் குதிரை உதைத்துவிட்டது என்று சொல்லி வைத்தார்கள்.

அண்ணன் அந்தக் கட்டோடு பார்க்கப் போனபோது யூசுப் அண்ணனுக்கு இன்னும் பேச்சு இருந்தது. "இன்னாத்துக்கு மாமே இவ்ளோ நொண்டுறே? எனக்கே இப்டி வலிக்கல" என்று சிரித்தாராம்.

இன்று பள்ளிவாசலுக்கு அவரைக் கிடத்திய சந்தூக்கைத் தூக்கும்போது அண்ணன் தோள் கொடுக்கப் போனான். பட்டறையில் வேலை செய்யும் உள்ளூர்க்காரர் ஒருவர் அவனை விலக்கிவிட்டார். "அடிபட்ட காலை வெச்சிகினு நீ தூக்காதே தாமு, தள்ளிக்கோ."

கடைசி ஆளாக நொண்டிக்கொண்டே பின்னால் போனானாம்.

வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திய பிறகும் நொண்டித்தான் நடந்தான். அம்மா சோறு போட்டாள். தொடவில்லை.

கமலா, நாளை நோட்டு உன் முறை. உன் அப்பா அந்தப் பட்டறையில் ஹெட் கிளார்க். இந்தப் பக்கம் அவர் கண்ணில் பட்டால் அண்ணனுக்கு வேலை போய்விடும், போலீஸ்கூட வரலாம்.

இரண்டு தடவை கிழிக்கப் போனேன்... ஆனால் அந்தப் பேப்பர் ஓரத்தைத் தவிர அவர் பெயர் வேறெங்கும் இல்லை.

உன் கையிலேயே கொடுக்கிறேன்.

யூசுப் அண்ணா, கல்கத்தாவிலிருந்து உங்களைக் கூப்பிட்டிருந்தார்கள். பெரிய கிளப்பாம். ஆட்டம் மட்டும்தான், வேறு வேலை எதுவும் கிடையாதாம்.

போய் வாருங்கள்.