ஹார்லன் அத்தானின் நாய் பாஷை

என் அக்கா நாடீனின் கணவர் ஹார்லன், சபல்பாவில் குழாய்களுக்கு வெல்டிங் வைப்பவர். மனிதர்களிடம் இங்கிலீஷ், நாய்களிடம் யூச்சி. அமெரிக்கப் பழங்குடிகளான எங்கள் மொழியைத் தடங்கலில்லாமல் பேசுகிறவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம் என்றிருந்த நேரத்தில், அவர் வீட்டு நாய்களுக்கு அது அத்துப்படி. 'கோழியை விடு' என்றால் விட்டுவிடும். எனக்கும் அக்காவுக்கும் பாதிதான் புரியும். இது எங்கிருந்து வந்தது என்று வருஷக்கணக்காக எனக்குள் ஒரு குடைச்சல். நான் எதையும் கிளறாமல் விடுகிற ரகம் இல்லை.

அந்தக் கோடையில் பச்சைச் சோளத் திருவிழா நெருங்கியபோது ஒரு சிக்கல் வந்தது. ஆட்டக்களத்தில் எங்கள் தலைவர் தன் வாயால் பேசமாட்டார். அருகில் நிற்கும் ஒருவர்தான் அவர் சொல்லை யூச்சியில் உரக்கச் சொல்லி, சுற்றியுள்ள பந்தல்களில் இருப்பவர்களை ஆட்டத்துக்கு அழைப்பார். அப்படி அழைத்துவந்தவர் குளிர்காலத்தில் போய்ச்சேர்ந்துவிட்டார். யூச்சி சொல்லிக்கொடுக்கும் மொழிப் பள்ளியில் பிள்ளைகள் நன்றாகப் பேசுகிறார்கள்தான், ஆனால் அழைப்பதற்கு வளர்ந்த ஆண் வேண்டும். ஆள் கிடைக்காவிட்டால் இந்த முறை இங்கிலீஷில் அழைக்க வேண்டியதுதான். அப்படி ஒருநாளும் நடந்ததில்லை. தலைவர் அத்தானைக் கேட்டார். அத்தான் முடியாது என்றுவிட்டார்.

எனக்குக் கோபமான கோபம். நேரே போனேன். முற்றத்தில் நாய்க்கு உண்ணி பிடுங்கிக்கொண்டிருந்தார்.

"ஏன் அத்தான், வாயில என்ன கொழுக்கட்டையா?"

"வந்துட்டியா லொரெட்டா? எனக்குத் தெரிஞ்சது நாய் பாஷை. வா, உக்காரு, சாப்டு, சண்டை போடாத. இதை வெச்சிக்கிட்டு ஊர் முன்னாடி நிக்கச் சொல்றியா? சிரிப்பாங்க."

"அந்த நாய் பாஷைய யாரு சொல்லிக்குடுத்தா?"

"யாரும் சொல்லிக்குடுக்கல. இங்கிலீஷ்தான் பேசணும்ங்கிற போர்டிங் ஸ்கூல்ல எங்கப்பா யூச்சி பேசினதுக்கு, அவரு வாயில சோப்பு வெச்சுத் தேய்ச்சு விட்டாங்க. எங்ககிட்ட யூச்சியில ஒரு வார்த்தை பேசமாட்டாரு. சாயங்காலமானா நாயைப் பாத்துதான் பேசுவாரு. நான் பக்கத்துல உக்காந்து கேட்டுக்கிட்டிருப்பேன்."

"நாய்கிட்ட அப்படி என்ன பேச்சு?"

"எல்லாந்தான். இருட்டப்போவுது, உள்ள வா. கையக் கழுவிட்டுச் சாப்டு. கால்ல முள்ளு குத்தியிருந்தா காட்டு."

"உங்க வீட்டு நாய் கையெல்லாம் கழுவுமோ?"

அத்தான் சிரித்துவிட்டார். "நீ வேற. அதுக்கு எங்க காதுல விழுந்துது? வெள்ளை நாய், பொறவிச் செவிடு. பின்னாடி லாரி வந்து ஹார்ன் அடிச்சாக்கூட..."

நாயின் காதைப் பிடித்திருந்த கை அப்படியே நின்றது.

"செவிட்டு நாய்கிட்ட யாராவது பேசுவாங்களா, லொரெட்டா?" என்றார். "பக்கத்துல நான்தான உக்காந்திருந்தேன்."

அத்தானுக்கும் எனக்கும் அழுகை வந்துவிட்டது. அக்கா எட்டிப்பார்த்து, "என் புருஷன அழவிட்டுட்டியா?" என்று என்னைத் திட்டினாள். மறுநாள் காலையில் அத்தான் தலைவரின் வீட்டுக்குப் போனார்.

திருவிழாவில் வெயில் தாழ்ந்ததும் தலைவருக்கு அருகே நின்றார். பிறகு அழைத்தார், முற்றத்தில் அழைக்கும் அதே குரலில். நாய்களும் வந்துவிடுமே என்று அக்கா பயந்தது அப்படியே நடந்தது. எங்கள் பந்தலில் கட்டியிருந்த நாய்கள் கயிற்றை இழுத்துக்கொண்டு பாய்ந்தன. களத்துக்குள் நாய் காலே வைக்கக்கூடாது. நானும் அக்காவும் ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தொங்கினோம். கூட்டம் சிரித்தது. அத்தான் நிறுத்தவில்லை.

பந்தல்களிலிருந்து முதலில் வந்தது மொழிப் பள்ளிப் பிள்ளைகள்தான். தலைவர் சொல்லச் சொன்னதையெல்லாம் சொல்லி முடித்த பிறகு, அத்தான் அவர்களைப் பார்த்துத் தானாக ஒன்று யூச்சியில் சேர்த்துச் சொன்னார்.

"கால்ல முள்ளு குத்தியிருந்தா காட்டுங்க."

பிள்ளைகள் ஒவ்வொருவராகப் பாதத்தைத் தூக்கிக் காட்டினார்கள்.